மறு: 'கம்ப்ளையன்ஸ்' – இணக்கமா, நிறைவேற்றமா, கடைப்பிடிப்பா?

அனைவருக்கும் வணக்கம்.

நீதிமன்ற உத்தரவுகள் பற்றிய நம் கையேடு திங்கட்கிழமை அச்சுக்குப் போகிறது. உத்தரவின்படி நடப்பதைக் குறிக்கும் 'கம்ப்ளையன்ஸ்' என்பதற்கு அதில் எந்தத் தமிழ்ச் சொல்லைப் போடுவது என்பதுதான் கேள்வி. படிக்கப்போகிறவர்கள் வக்கீல்கள் அல்ல, ஆள்சேர்ப்புப் பிரிவில் கோப்பு எழுதும் உதவியாளர்களும் கண்காணிப்பாளர்களும். அதனால்தான் இந்தச் சொல்லை இத்தனை நாள் விடாமல் பிடித்துக்கொண்டிருக்கிறேன்.

நம் இழையில் எழுதும் மதுரை ஐயா 'இணக்கம்' போதும், வங்கியிலும் கணினியிலும் அதுதான் புழங்குகிறது என்கிறார். புழக்கம் உண்மைதான். ஆனால் இணங்குதல் என்றால் மனம் ஒப்புதல், வழக்கு முடியும்முன் நீதிமன்றம் இடும் இடைக்கால உத்தரவுக்கு அது தேவையே இல்லை. மனுதாரரைத் தேர்வெழுத அனுமதியுங்கள் என்று உயர் நீதிமன்றம் சொன்னால் தேர்வாணையத்துக்கு அதில் உடன்பாடு இல்லாமல் இருக்கலாம், மேல்முறையீடும் செய்யலாம். ஆனால் மேல் நீதிமன்றத்தில் அந்த உத்தரவுக்குத் தடை கிடைக்கும்வரை எழுத விட்டாக வேண்டும். மேல்முறையீடு தாக்கல் செய்வது மட்டுமே தடை ஆகிவிடாது. 'மேல்முறையீட்டுக்குக் கருத்துரு அனுப்பப்பட்டுள்ளது' என்று கோப்பில் ஒரு வரி எழுதிவிட்டு உட்கார்ந்துவிடுவதும், அதற்குள் தேர்வுத் தேதி தாண்டி அந்தப் பிள்ளையின் மனுவே பயனற்றுப் போவதும்தான் நான் அஞ்சுவது. 'இணக்கம்' என்று அச்சடித்தால், 'நாங்கள் இணங்கவில்லை, அதனால்தான் மேல்முறையீடு' என்று சொல்ல நாமே வழி காட்டியதாகிவிடும்.

'நிறைவேற்றம்' பாதி உத்தரவுகளுக்குத்தான் பொருந்தும். விண்ணப்பத்தை ஏற்றுக்கொள், நுழைவுச்சீட்டு கொடு என்பவற்றை நிறைவேற்றலாம். ஒரு பணியிடத்தைக் காலியாக வை, முடிவை வெளியிடாதே என்றால்? வெளியிடாமல் இருப்பதை ஒருநாள் நிறைவேற்றி முடித்துவிட முடியாது, உத்தரவு விலகும்வரை காத்து நிற்க வேண்டும். 'கடைப்பிடிப்பு' இரண்டையும் தாங்கும். 'அற்றது அறிந்து கடைப்பிடித்து' (குறள் 944) என்பதிலும் மறவாமல் உறுதியாகப் பற்றுதல்தான் பொருள். தஞ்சை அம்மா தந்த 'ஆணையொழுகல்' (ஆணைப்படி நடத்தல்) இலக்கணத்தில் குறையில்லாதது, ஆனால் இன்று ஒழுகல் என்றால் கூரைதான் முதலில் தோன்றும்.

அப்புறம் 'கன்டெம்ப்ட்' என்பதற்கு வைத்த 'அவமதிப்பு'. 'அவ' வடமொழி முன்னொட்டு, எனவே 'நீதிமன்ற எள்ளல்' என்று மாற்றச் சொல்கிறார் ஐயா. எள்ளலைத் தொல்காப்பியர் நகைக்கு, அதாவது சிரிப்புக்கு, நிலைக்களனாக வைத்தார். 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 2(ஆ) பிரிவில் நகைக்கு வேலையில்லை, உத்தரவை வேண்டுமென்றே மீறுவதும் நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவதும்தான் அங்கே குற்றச்சாட்டு. 'அவஞ்செய்வார்' (வீண்செயல் செய்வார்) என்று குறளிலேயே (266) வருகிறதே என்றால், அந்த அவம் வேறு, இந்த அவ வேறு என்பார் ஐயா. அதைத் தனி இழையில் பேசலாம், நானும் வருகிறேன். எனக்குள்ள கவலை வேறு: 'நாங்கள் நீதிபதியைப் பற்றி ஒரு வார்த்தை தப்பாகப் பேசவில்லையே, இதெப்படி அவமதிப்பு?' என்று மனதார நம்புகிற அதிகாரிகள் இருக்கிறார்கள். சொல்லை மாற்ற மாட்டேன், ஊரே அறிந்த சொல் அது. பக்கத்திலேயே 'உத்தரவை மீறிச் சும்மா இருப்பதும் இதில் அடங்கும்' என்று ஒரு வரி சேர்க்கிறேன்.

சட்டத்தில் உள்ள 'வில்ஃபுல்' என்பதற்கு வைத்த 'வேண்டுமென்றே' பற்றிச் சேலம் நண்பர் சொல்வது நியாயம், பேச்சு வழக்கில் அதில் வன்மம் ஒட்டிக்கொண்டிருக்கிறது. ஆனால் அவர் தரும் 'தெரிந்தே' வலையை அகலமாக வீசுகிறது. உத்தரவு கைக்கு வந்தபோதே தேர்வு முடிந்துவிட்டிருந்தால், அதிகாரிக்கு எல்லாம் தெரியும், செய்ய வழிதான் இல்லை. அவரையும் 'தெரிந்தே' பிடித்துவிடும். 6 மாதம்வரை சிறை, 2,000 ரூபாய்வரை அபராதம் என்று அதே சட்டத்தின் 12ஆம் பிரிவு சொல்லும் இடத்தில் இதை அசட்டையாக விட முடியாது. 'மனமறிந்து' என்று கோவையிலிருந்து வந்த சொல் நெருங்கி வருகிறது, சட்டச் சொல்லாக நிற்குமா என்றுதான் தயக்கம்.

எழுதியவர்களில் பெரும்பாலோர் 'கடைப்பிடிப்பு' பக்கம்தான், சிலர் அலுத்துப்போய் வந்தவர்கள் என்றாலும். ஆகவே 'கம்ப்ளையன்ஸ் ரிப்போர்ட்' என்பதற்குக் 'கடைப்பிடிப்பு அறிக்கை' என்றே போடுகிறேன், ஐயாவின் மறுப்பு முன்னுரையில் இருக்கும். ஞாயிறு இரவுக்குள் நல்ல சொல் வராவிட்டால் 'வேண்டுமென்றே' அப்படியே போகும், சேலம் நண்பரின் வாதம் அடிக்குறிப்பில்.