எந்தச் சித்தூர்? ஓஐடியோடு பட்ட பாடு

கொழிஞ்சாம்பாறை:

ஒரு பாட்டியின் பேஸ்மேக்கர் 26 வயதுப் பையனின் நெஞ்சில் போய் உட்கார்ந்த கதையோடு ஆரம்பிக்கிறேன். தப்பு என்னுடையதுதான், அதனால் யாருக்கும் பயப்படாமல் எழுதலாம்.

பாலக்காட்டுச் சித்தூர் பக்கம் ஒரு ஸ்கேன் சென்டரில் கம்ப்யூட்டர் வேலை முழுக்க என் தலையில். பழைய எக்ஸ்ரே ஃபிலிம்களை ஸ்கேன் செய்து, டைகாம் கோப்பாக மாற்றி, சர்வரில் ஏற்ற ஒரு சின்ன புரோகிராம் எழுதியிருந்தேன். மருத்துவப் படங்களுக்கு உலகம் முழுக்க இருக்கும் வடிவம்தான் டைகாம். அதில் ஒவ்வொரு பரிசோதனைக்கும் யுஐடி என்று புள்ளி வைத்த ஒரு நீள எண் உண்டு. அதுவும் ஓஐடி குடும்பம்தான்; ஓஐடி என்பது ஒன்றை வேறெதோடும் குழம்பாமல் குறிக்க, மரக்கிளை போலப் பிரிந்துகொண்டே போகும் எண் முறை. டைகாமின் சொந்த எண்களெல்லாம் 1.2.840.10008 என்று ஆரம்பிக்கும். எந்தப் படம் எந்தப் பரிசோதனையைச் சேர்ந்தது என்று சர்வர் முடிவு செய்வது இந்த எண்ணை வைத்துத்தான்.

அந்த எண்ணை நான் தயாரித்த லட்சணம் இது: யாரோ உதாரணத்துக்குப் போட்டிருந்த தலைப்பகுதியை அப்படியே எடுத்தேன். பின்னால் தேதி. அதற்கும் பின்னால் 1, 2, 3 என்று வரிசை எண். வரிசை எண் மெமரியில் மட்டும் இருந்தது, எங்கும் எழுதி வைக்கவில்லை. சித்திரை வெயில், மத்தியானம் கரண்ட் போனது, இன்வெர்ட்டரும் கைவிட்டது. கரண்ட் வந்ததும் புரோகிராம் சமர்த்தாக மறுபடி 1-லிருந்து எண்ண ஆரம்பித்துவிட்டது. காலையில் வேலந்தாவளத்துப் பாட்டிக்கு 3. மாலையில் கஞ்சிக்கோட்டில் வேலை பார்க்கும் பையனுக்கும் 3. சர்வர் என்ன செய்யும்? ஒரே பரிசோதனை என்று இருவர் படங்களையும் ஒரே உறையில் போட்டது.

டாக்டர் போனில், "இந்தப் பையனுக்கு எப்போது பேஸ்மேக்கர் வைத்தார்கள்?" என்று மலையாளத்தில் சாந்தமாகக் கேட்டார். சாந்தமாகக் கேட்டதுதான் வயிற்றைக் கலக்கியது. நல்லவேளை, அறிக்கை வெளியே போகவில்லை. அன்றைய உறைகளை எல்லாம் ஃபிலிமோடு ஒப்பிட்டுப் பார்த்து முடிக்க இரவு பதினொன்று ஆனது.

அப்புறம்தான் ஒழுங்காகப் படித்தேன். இதற்கென்றே 2.25 என்று ஒரு கிளை இருக்கிறது. கம்ப்யூட்டரே உருவாக்கும், இன்னொன்றோடு மோத ஏறக்குறைய வாய்ப்பே இல்லாத யுயுஐடி என்ற எண் ஒன்றை எடுத்து, அதைப் பத்தின் அடிமான எண்ணாக மாற்றி, 2.25-க்குப் பின்னால் ஒட்டிவிட்டால் போதும். யாரிடமும் அனுமதி கேட்க வேண்டாம். அதிகம் போனால் 44 எழுத்து வரும், டைகாமின் எல்லை 64. இன்னொன்று: ஒரு பகுதி பூஜ்யத்தில் ஆரம்பிக்கக் கூடாது. என் பழைய எண்ணில் ஏப்ரலுக்கு .04. என்று போட்டிருந்தேன். படம் பார்க்கும் ஒரு ஒர்க்ஸ்டேஷன் அதை வாங்கவே மறுத்தது. அது ஏன் மறுத்தது என்று அன்றே யோசித்திருந்தால் பாதிப் பாடு மிச்சமாகியிருக்கும்.

நீங்களும் இப்படி எண்ணோடு மல்லுக்கட்டியிருந்தால் எழுதுங்கள்.

ஆந்திரச் சித்தூர்:

அண்ணா, நான் கம்ப்யூட்டர் படித்தவன் இல்லை. இங்கே ஓர் ஆடிட்டர் ஆபீஸில் டெண்டர் ஏற்றும் வேலை. 2021-ல் ஒரு கான்ட்ராக்டரின் டிஜிட்டல் கையெழுத்தை ஒரு டெண்டர் தளம் ஏற்கவே மாட்டேன் என்றது. கையெழுத்து இருக்கும் யுஎஸ்பி டோக்கனை மாற்றிச் செருகினோம், பிரவுசர் மாற்றினோம், டிரைவரை இரண்டு தடவை போட்டோம். கடைசி நாள் மாலை நாலு மணி. கான்ட்ராக்டர் தெலுங்கில் என்னைத் திட்ட, நான் தமிழில் கம்ப்யூட்டரைத் திட்ட...

சர்டிஃபிகேட்டைத் திறந்து ஒவ்வொரு வரியாகப் பார்த்தபோது, பாலிசி என்ற இடத்தில் 2.16.356.100.2.2 என்று இருந்தது. கடைசி 2 என்றால் கிளாஸ் 2, கையெழுத்தின் நம்பகத் தரம் அது. தளம் கேட்டது கிளாஸ் 3, அதாவது 2.16.356.100.2.3. 2021 ஜனவரி 1 முதல் கிளாஸ் 2 கொடுப்பதையே நிறுத்திவிட்டார்கள். இவருடையது அதற்கு முன் வாங்கியது, இன்னும் காலாவதி ஆகாதது. சர்டிஃபிகேட்டில் பெயர், ஊர், கம்பெனி எல்லாம் சரி. ஓர் இலக்கம்தான் வேறு. அந்த டெண்டர் போனது போனதுதான்.

அந்த எண்ணைப் பிரித்துப் பார்த்தபோது சுவாரசியமாக இருந்தது. உச்சியில் மூன்றே கிளைகள்: 0 உலகத் தொலைத்தொடர்பு அமைப்பான ஐடியு, 1 உலகத் தர நிர்ணய அமைப்பான ஐஎஸ்ஓ, 2 இருவரும் சேர்ந்து. 2-க்குக் கீழே 16 நாடுகள். அதில் 356 இந்தியா, ஐஎஸ்ஓ நாட்டுப் பட்டியலில் நமக்குள்ள எண் அதுதான். உங்கள் டைகாம் எண்ணில் வரும் 840 அமெரிக்கா. 356-க்குக் கீழே 100, டிஜிட்டல் கையெழுத்துகளை மேற்பார்க்கும் கன்ட்ரோலர் அலுவலகத்தின் கிளை. தாத்தா பாகம் பிரித்துக் கொடுத்த நிலத்தைப் பேரன் தாத்தாவைக் கேட்காமலே மறுபடி பிரித்துக்கொள்வது போல. தன் வரப்புக்குள் என்ன எண் வைத்தாலும் பக்கத்து வயலோடு மோதாது.

செங்கோட்டை:

நில உவமையை எடுத்ததால் ஒரு வார்த்தை. எங்கள் ஊர் 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர் - கொச்சி மாநிலத்தில் இருந்தது. எங்கள் தாத்தா காலத்துப் பத்திரம் மலையாளத்தில். அதில் உள்ள சர்வே எண்ணும் இப்போதைய எண்ணும் வேறு. பழைய எண் இன்று வேறு யாருடைய தோட்டத்திலோ இருக்கிறது. ஓஐடியில் ஒரு முறை ஒன்றுக்குக் கொடுத்த எண்ணை வேறொன்றுக்குத் திருப்பிக் கொடுக்கக் கூடாது என்பது வழக்கம். எங்கள் வீட்டுப் பாகவழக்கு இரண்டு தலைமுறையாக நடக்கிறது, வேறென்ன சொல்ல.

வண்டிப்பெரியார்:

சார், மோதாது என்று ஒரேயடியாக நம்பிவிடாதீர்கள். எஸ்டேட் ஆபீஸ், தேயிலை ஃபேக்டரி இரண்டின் நெட்வொர்க்கையும் நான் பார்க்கிறேன். கேபிள்கள் வந்து சேரும் பெட்டியான ஸ்விட்சிடம், நெட்வொர்க் பெட்டிகளிடம் கணக்குக் கேட்கும் முறையான எஸ்என்எம்பி வழியாகக் கேட்டால், ஒவ்வொரு போர்ட்டிலும் எத்தனை பைட் உள்ளே வந்தது என்று சொல்லும். கேட்கும் எண்ணும் ஓர் ஓஐடிதான், 1.3.6.1.2.1.2.2.1.10, அதன் பின்னால் போர்ட்டின் எண். ஃபேக்டரிக்கு 12 என்று வைத்து வரைபடம் போட்டிருந்தேன்.

ஒரு நாள் இடி விழுந்து ஸ்விட்ச் அணைந்து எழுந்தது. அதற்குப் பிறகு இரவு இரண்டு மணிக்கு ஆபீஸில் யாரோ தாராளமாக டவுன்லோடு செய்வதாக வரைபடம் சொன்னது. மேனேஜர் வாட்ச்மேனைச் சந்தேகப்பட்டார். பாவம், அந்த மனிதர் பட்டன் போன் வைத்திருப்பவர். விஷயம் என்னவென்றால், ஸ்விட்ச் எழும்போது போர்ட்டுகளுக்கு எண்ணை மறுபடி கொடுத்துவிட்டது. 12 இப்போது ஃபேக்டரி இல்லை. கொழுந்து வரும் சீசனில் இரவு ஷிஃப்ட் நடக்கும் ஃபேக்டரியின் கேமரா ஓட்டம் ஆபீஸ் கணக்கில் விழுந்திருக்கிறது.

எண்ணின் முன்பகுதிக்கு உலகத்தில் எந்தப் பெட்டியிலும் "உள்ளே வந்த பைட்" என்ற அதே பொருள்தான். ஆனால் வால் எண் அந்தப் பெட்டியின் அன்றைய இஷ்டம். இப்போது போர்ட்டுக்கு நானே வைத்த பெயரை 1.3.6.1.2.1.31.1.1.1.18-ல் கேட்டு, அதை வைத்துத்தான் வரைகிறேன்.

பின்னர் ஜிகாபிட் ஃபைபர் வந்ததும் வரைபடம் முன்னைவிடக் குறைவாகக் காட்டியது. அந்த எண்ணுக்குப் பின்னால் இருப்பது 32 பிட் கணக்கு, 429 கோடிச் சொச்சம் பைட்டோடு திரும்பப் பூஜ்யம். ஜிகாபிட் முழு ஓட்டத்தில் 34 வினாடிக்கு ஒரு முறை அது சுற்றிவிடும். நான் ஐந்து நிமிடத்துக்கு ஒரு முறை எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தேன்! 64 பிட் கணக்குக்கு வேறு எண், 1.3.6.1.2.1.31.1.1.1.6. மாற்றியதும் தீர்ந்தது.

தடா:

நான் பார்ப்பது மோங்கோ என்ற டேட்டாபேஸ் ஒவ்வொரு பதிவுக்கும் வைக்கும் ஆப்ஜெக்ட் ஐடி. பெயர் ஒன்றுபோல் இருந்தாலும் இந்த ஓஐடி மரத்துக்கும் அதற்கும் உறவில்லை. 12 பைட், 24 எழுத்தாக எழுதுவார்கள். முதல் 4 பைட் அது உருவான நேரம், அடுத்த 5 ஏதோ ஒரு ரேண்டம் எண், கடைசி 3 ஓர் எண்ணி.

லாரி லோடிங் பதிவுக்கு ஒரு ஆப் செய்து கொடுத்திருந்தோம். மேற்பார்வையாளர் ஒருவர் முந்தின நாளே பதிவு செய்துவிட்டதாகச் சத்தியம் செய்தார், திரையிலும் முந்தின நாள் தேதிதான். தேதியைக் கையால் மாற்ற நாங்களே விட்டிருந்தோம். ஐடியின் முதல் எட்டு எழுத்தை நேரமாக மாற்றிப் பார்த்தேன், அன்று காலை ஒன்பதே கால். அவர் அதற்குப் பிறகு என்னிடம் பேசுவதில்லை. வெளியே யார் கண்ணிலும் படக்கூடாத நேரம் ஏதாவது இருந்தால் அந்த ஐடியை லிங்கில் காட்டாதீர்கள், அவ்வளவுதான்.

கொழிஞ்சாம்பாறை:

அக்கா, உங்கள் லாரிக் கதையைப் படித்ததும் சிரிப்பு வந்துவிட்டது. வண்டிப்பெரியார் சார், வால் எண் விஷயம் எனக்குப் புதிது, எங்கள் ஸ்விட்சையும் பார்க்கிறேன். ஆந்திரச் சித்தூர்த் தம்பிக்கு ஒன்று: அந்தக் கோடையில் நான் வரவழைத்த இன்வெர்ட்டர் பேட்டரி எங்கள் ஊருக்கு வராமல் உங்கள் ஊருக்குப் போய், பத்து நாள் கழித்துத் திரும்பி வந்தது. சித்தூர் என்று மட்டும் எழுதியிருந்தார்கள், 678101 என்று போடவில்லை.

ஆந்திரச் சித்தூர்:

இங்கே 517001 அண்ணா. உங்கள் முதலமடை மாங்காய்க்கு வர வேண்டிய காலிப் பெட்டிகள் ஒரு முறை எங்கள் மண்டிக்கு வந்து இறங்கின. இங்கேயும் மாங்காய் சீசன், யாரும் கேள்வி கேட்காமல் பெட்டிகளை நிரப்பிவிட்டார்கள்.