ஜே.பி. ஜெயரத்தினம் எதிர்க்கட்சியை வளர்த்தாரா, வழக்குகளில் கரைத்தாரா?

துறைமுகவாசி:
சிங்கப்பூரின் எதிர்க்கட்சி வரலாற்றில் ஜெயரத்தினத்தின் பெயர் வந்தவுடன் அவரைத் தியாகியாக்கிப் பேச்சை முடித்துவிடுகிறோம். எனக்கு அதில் உடன்பாடில்லை. 1926இல் யாழ்ப்பாணத்துச் சங்கானையில் பிறந்து, ஜொகூரில் வளர்ந்து, லண்டனில் சட்டம் படித்து, சிங்கப்பூரில் மாவட்ட நீதிபதி வரை உயர்ந்தவர், 1963இல் அரசுப் பணியைத் துறந்ததும், பெயரளவில் மட்டும் உயிரோடிருந்த பாட்டாளிக் கட்சியை 1971இல் ஏற்றுக்கொண்டதும் துணிச்சல்தான். ஆனால் அதன்பிறகு அவர் அரசியலை நீதிமன்ற வாதம் போலவே நடத்தினார். 1976 தேர்தல் மேடைப் பேச்சுக்காக அன்றைய பிரதமர் லீ குவான் இயூ தொடுத்த அவதூறு வழக்கில் தோற்றார்; 1988 மேடைப் பேச்சுக்காக மீண்டும் தோற்றார்; 1997 தேர்தலையொட்டி அப்போது பிரதமராக இருந்த கோ சோக் டோங் முதலானோர் தொடுத்த வழக்கிலும் தோற்றார். ஒரே குழியில் மூன்று முறை விழுபவரை வீரர் என்பதா, விவேகமற்றவர் என்பதா? அவரைப் போலவே வழக்கறிஞரான இன்னொரு எதிர்க்கட்சித் தலைவர் சியாம் சீ தோங், குரலை உயர்த்தாமலே பொத்தோங் பாசிர் தொகுதியை 1984 முதல் 2011 வரை வைத்திருந்தார்.

வெண்ணிலா:
சியாம் 1984இல் நுழைந்த கதவை 1981இல் திறந்தவர் யார் என்பதை நண்பர் வசதியாக விட்டுவிட்டார். 1968 தேர்தலிலிருந்து அந்நாட்டு மக்கள் ஒரு எதிர்க்கட்சி உறுப்பினரைக்கூடத் தேர்ந்தெடுத்து அனுப்பியதில்லை. எதிர்த்து நிற்பது வீண் என்ற எண்ணம் ஊறிப்போயிருந்த நிலையில், ஐந்து முறை நின்று ஐந்து முறையும் தோற்ற ஒருவர் ஆறாவது முறையும் வேட்புமனுவைக் கையில் எடுத்தார். தேவன் நாயர் அதிபராகப் பொறுப்பேற்றதால் காலியான ஆன்சன் தொகுதி அது. துறைமுக விரிவாக்கத்துக்காகப் பிளேர் பிளேன் குடியிருப்பிலிருந்து வெளியேற வேண்டியிருந்தவர்களின் கோபமும் அங்கே புகைந்துகொண்டிருந்தது. 1981 அக்டோபர் 31 அன்று அவருக்கு 7,012 வாக்குகள், ஆளுங்கட்சியான மக்கள் செயல் கட்சியின் வேட்பாளருக்கு 6,359. வித்தியாசம் 653தான், ஆனால் அந்த 653 பேர் இல்லையென்றால் நாம் இன்று இந்த விவாதத்தையே நடத்திக்கொண்டிருக்க மாட்டோம்.

சான்றாளன்:
பாட்டாளிக் கட்சித் தலைவர் என்பதால் இருவரும் அவரை இடதுசாரி என்று எடுத்துக்கொண்டே பேசுகிறீர்கள் போலிருக்கிறது. அதையே நான் ஐயுறுகிறேன். கிரேஸ் இன்னில் பயிற்சி பெற்ற பாரிஸ்டர் அவர். பேச்சில் ஆங்கிலேயச் சட்ட மரபின் வாடை வீசும். தொழிற்சங்கத்திலிருந்தோ சீனப் பள்ளி மாணவர் இயக்கத்திலிருந்தோ வந்தவரல்லர். விசாரணையற்ற காவலை எதிர்ப்பதும் சட்டத்தின் ஆட்சியைக் கோருவதும் தாராளவாதம், சோசலிசம் அன்று.

வெண்ணிலா:
ஐயா, சிங்கப்பூரில் விசாரணையற்ற காவலில் ஆண்டுக்கணக்காக அடைபட்டுக் கிடந்தவர்களில் பெரும்பாலோர் எந்தப் பக்கத்தவர் என்பதை எண்ணிப் பாருங்கள். அங்கே அதற்கு வழிசெய்த உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டத்தை எதிர்ப்பதே இடதுசாரிகளின் பக்கம் நிற்பதாகத்தான் இருந்தது. ஆளுங்கட்சியே 1976 வரை, பல நாட்டு சோசலிசக் கட்சிகளின் கூட்டமைப்பான சோசலிச அகிலத்தில் உறுப்பினராக இருந்தது. இந்தக் காவல் விவகாரத்தில் டச்சுத் தொழிற்கட்சி அதை நீக்கக் கோரியபோது தானே விலகிக்கொண்டது. 1988இல் மக்கள் செயல் கட்சியிலிருந்து முன்பு பிரிந்துபோன இடதுசாரிக் கட்சியான பாரிசான் சோசியாலிஸ் தன்னைக் கலைத்துக்கொண்டு இணைந்தது வேறெந்தக் கட்சியிலும் அன்று, ஜெயரத்தினம் தலைமையிலிருந்த பாட்டாளிக் கட்சியில்தான்.

கணக்கர்:
வழக்குகளை எல்லாம் ஒரே மூட்டையில் கட்டுவது தவறு என்பதற்காக எழுதுகிறேன். அவதூறு வழக்குகள் வேறு. 1986இல் அவருடைய பதவியைப் பறித்த வழக்கு வேறு. அது கட்சிக் கணக்கு குறித்துப் பொய்யான உறுதிமொழி அளித்தார் என்ற குற்றவியல் வழக்கு. முதலில் விசாரித்த நீதிபதி பெரும்பாலான குற்றச்சாட்டுகளிலிருந்து அவரை விடுவித்தார். அரசுத் தரப்பு மேல்முறையீடு செய்து, மறுவிசாரணைக்கு உத்தரவு பெற்றது. முடிவில் ஒரு மாதச் சிறை, 5,000 வெள்ளி அபராதம். 2,000 வெள்ளியோ அதற்கு மேலோ அபராதம் விதிக்கப்பட்டால் ஐந்தாண்டு தேர்தலில் நிற்க முடியாது என்பது அன்றைய விதி. அந்தத் தொகையை நினைவில் வைத்துக்கொண்டு அபராதத்தைப் பாருங்கள்.

அதே தீர்ப்பின் பேரில் அவர் வழக்கறிஞர் பட்டியலிலிருந்தும் நீக்கப்பட்டார். குற்றத்தீர்ப்பை அன்றைய இறுதி மேல்முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சிலுக்குக் கொண்டுபோக வழியில்லை. தொழில்நீக்கத்தைக் கொண்டுபோக வழி இருந்தது. 1988இல் அக்கவுன்சில் நீக்கத்தை ரத்து செய்ததோடு நிற்காமல், தாம் செய்யாத குற்றங்களுக்காக அவரும் அவருடைய கட்சித் தோழரும் தண்டனையும் அவமானமும் அடைந்தனர், அது கடுமையான அநீதி என்றே எழுதிவைத்தது. அதன்பிறகும் மன்னிப்புக் கோரிக்கை ஏற்கப்படவில்லை, தகுதியிழப்பு நீடித்தது. மறு ஆண்டே தொழில் ஒழுங்கு வழக்குகள் பிரிவி கவுன்சிலுக்குச் செல்லும் பாதையும் மூடப்பட்டது. 1991 நவம்பரில் அவருடைய தடை நீங்கவிருந்தது. தேர்தல் ஆகஸ்டிலேயே முடிந்துவிட்டது. இதில் அவருடைய விவேகக் குறைவு எங்கே இருக்கிறது என்று துறைமுகவாசி காட்ட வேண்டும்.

துறைமுகவாசி:
1986 வழக்கைப் பொறுத்தவரை கணக்கர் சொல்வதை ஏற்கிறேன். நான் அதைச் சேர்த்துப் பேசவுமில்லை. என் குற்றச்சாட்டு அமைப்பு பற்றியது. 1992இல் மரீன் பரேட் குழுத் தொகுதியில், அதாவது ஒவ்வொரு கட்சியும் ஓர் அணியாகவே நிற்க வேண்டிய தொகுதியில், இடைத்தேர்தல் வந்தது. ஜெயரத்தினம் மீண்டும் நிற்பதற்குத் தடை ஏதும் இல்லை. ஆனால் நால்வர் அணியில் ஒருவர் வேட்புமனு நாளன்று வந்து சேராததால் பாட்டாளிக் கட்சி மனுவே கொடுக்க முடியவில்லை. இதற்கும் லீ குவான் இயூதான் காரணமா? அதே கட்சியின் லோ தியா கியாங் 1991இல் ஹௌகாங்கை வென்று, தெருத்தெருவாகத் தியோசு எனும் சீன வட்டார வழக்கில் பேசித் தளம் அமைத்து, 2011இல் அல்ஜுனிட் குழுத் தொகுதியைப் பிடித்தார். வீடு கட்டுவதற்குச் செங்கல் வேண்டும். வாதத் திறமை மட்டும் போதாது.

இன்னொன்று நம்மவர்கள் பேசத் தயங்குவது. 2001இல் அவரை நொடித்துப்போனவராக்கியது பிரதமரின் வழக்கு அன்று. கட்சி ஏடான 'தி ஹேமர்' இதழில் 1995இல் வெளிவந்த தமிழ்க் கட்டுரை ஒன்று தமிழ்மொழி வாரத்தை நடத்தியவர்களைச் சாடியது. கட்டுரையை எழுதியவர் வேறொருவர். அதன்மேல் வந்த அவதூறு வழக்கில் ஆசிரியர் என்ற முறையில் ஜெயரத்தினமும் மாட்டிக்கொண்டார். இழப்பீட்டுத் தவணை தவறியது, தேர்தலில் தோற்ற எதிர்க்கட்சியினருக்குத் தரப்படும் தொகுதியில்லா நாடாளுமன்ற உறுப்பினர் பதவியும் போயிற்று. நான்கைந்து பத்திகளை அச்சுக்கு அனுப்பும் முன் ஒருமுறை சரிபார்ப்பது அவ்வளவு கடினமா?

வெண்ணிலா:
சரிபார்த்திருக்கலாம்; அதை மறுக்கவில்லை. ஆனால் கட்சி ஏட்டின் ஒரு கட்டுரைக்காகத் தேர்தல் உரிமையே போகும் அளவுக்குத் தொகை ஏறுகிறது என்றால், குறையைச் சரிபார்க்காதவரிடம் மட்டும் தேடுவது எப்படி? அந்த ஆண்டுகளில் எழுபதைத் தாண்டிய அந்த மனிதர், அடர்ந்த கன்னக் கிருதாவோடு எம்ஆர்டி ரயில் நிலைய வாசல்களில் நின்று தம் நூலை விற்றுக்கொண்டிருந்தார். 2007இல் 2,33,255 வெள்ளியைச் செலுத்தி நொடிப்பிலிருந்து மீண்டார், தொழிலுக்கும் திரும்பினார். 2008இல் சீர்திருத்தக் கட்சியைத் தொடங்கினார். அதே ஆண்டு செப்டம்பர் 30 அன்று, 82 வயதில் காலமானார்.

துறைமுகவாசி:
லோவையும் அவரையும் எதிரெதிராக நிறுத்தியதில் நான் சற்று மிகைப்படுத்திவிட்டேன் என்று படுகிறது. லோ 1980களில் அந்தக் கட்சிக்குள் வந்ததே ஜெயரத்தினம் தலைவராக இருந்தபோதுதான். மரீன் பரேட் பற்றிச் சொன்னதை மட்டும் திரும்பப் பெறமாட்டேன்.