ஐந்து ஆண்டு தவணை கட்டியும் வீட்டுக் கடனின் அசல் ஏன் குறையவில்லை?

கேள்வி – தவணைக்காரன்

வணக்கம். நாணயத்தின் பெயரை விட்டுவிட்டு, கணக்கு எளிதாக இருப்பதற்காக என் கடனை ஒரு லட்சம் என்று சுருக்கிச் சொல்கிறேன். ஆண்டு வட்டி 9 விழுக்காடு, தவணைக் காலம் 20 ஆண்டு, மாதத் தவணை 899.73. ஒரு மாதம்கூடத் தவறாமல் 60 தவணைகள் கட்டி முடித்துவிட்டேன். அதாவது இதுவரை கொடுத்தது ஏறத்தாழ 53,984. சென்ற வாரம் கடன் கணக்கு அறிக்கையை வாங்கிப் பார்த்தபோது, இன்னும் 88,707 பாக்கி என்று அதில் இருந்தது. கொடுத்த பணத்தில் 11,293 மட்டுமே அசலில் கழிந்திருக்கிறது. மீதி அனைத்தும் வட்டியாகவே போயிருக்கிறது.

கடன் கொடுத்தவர்கள் வட்டியை முதலில் வசூலித்துக்கொண்டு அசலைப் பின்னால் தள்ளிவைக்கிறார்கள் என்று உறவினர் ஒருவர் சொல்கிறார். இது உண்மையா? இதற்கிடையில் வேறொரு நிறுவனம் 8 விழுக்காட்டுக்குக் கடனை மாற்றித் தருவதாகவும், புதிதாக 20 ஆண்டு எடுத்துக்கொண்டால் மாதத் தவணை 742 ஆகக் குறையும் என்றும் சொல்கிறது. மாதம் 158 மிச்சம் என்பது என் வருமானத்துக்குச் சிறிய தொகை அன்று. மாற்றலாமா? இந்தக் கடன் கடைசியில் எனக்கு உண்மையாக எவ்வளவு செலவு வைக்கும் என்பதை எப்படிக் கணக்கிடுவது?

பதில் 1 – பழைய கணக்கர்

உங்கள் உறவினர் சொல்வதில் பார்த்த காட்சி சரி, சொன்ன காரணம் தவறு. வட்டியை முன்னால் தள்ளிவைக்கும் தனி விதி எதுவும் இந்தக் கணக்கில் இல்லை. இருக்கும் விதி ஒன்றுதான்: அந்த மாதம் எவ்வளவு பாக்கி நிற்கிறதோ அதற்கு, 9 விழுக்காட்டைப் பன்னிரண்டால் வகுத்து வரும் 0.75 விழுக்காட்டை வட்டியாக எடுத்துக்கொள்ள வேண்டும். தவணையில் மிஞ்சுவது அசலில் கழிய வேண்டும்.

முதல் மாதம் பாக்கி ஒரு லட்சம், வட்டி 750. நீங்கள் கொடுத்த 899.73-இல் அசலுக்குப் போனது 149.73. இரண்டாம் மாதம் பாக்கி 99,850.27 ஆனது, வட்டி 748.88 ஆனது, அசலுக்கு 150.85 கிடைத்தது. அசலுக்குச் சேரும் பங்கு இப்படி மாதம் 0.75 விழுக்காடு என்ற வேகத்தில் வளர்ந்துகொண்டே போகும். தொடக்கத்தில் ஆமை வேகமாகத் தெரியும் இந்த வளர்ச்சி கடைசி ஆண்டுகளில் கிடுகிடுவென ஏறும். உங்கள் கடனில் தவணையின் பாதிக்கு மேல் அசலுக்குப் போவது 149-ஆவது மாதத்தில்தான் தொடங்கும். வாங்கிய ஒரு லட்சத்தில் பாதி அடைபடுவதற்கு ஏறக்குறைய 14 ஆண்டு பிடிக்கும். மற்ற பாதி ஆறே ஆண்டில் முடிந்துவிடும். ஐந்தாம் ஆண்டு முடிவில் 11,293 மட்டும் குறைந்திருப்பதால் உங்களை யாரும் ஏமாற்றவில்லை, கணக்கு சரியாகவே இருக்கிறது. கடன் வாங்கிய அன்றே முழுத் தவணை அட்டவணையையும் கேட்டு வாங்கியிருந்தால் இந்த அதிர்ச்சியை ஐந்து ஆண்டு முன்பே அனுபவித்திருப்பீர்கள் என்பது மட்டும்தான் வேறுபாடு.

மொத்தச் செலவைக் காண மாதத் தவணையை மாதங்களின் எண்ணிக்கையால் பெருக்குங்கள். உங்கள் 20 ஆண்டுக் கடனுக்கு அது 2,15,934. வட்டி மட்டும் 1,15,934. இதே கடனை 15 ஆண்டுக்கு எடுத்திருந்தால் தவணை 1,014.27 ஆகவும், மொத்த வட்டி 82,568 ஆகவும் இருந்திருக்கும். 30 ஆண்டுக்கு எடுத்திருந்தால் தவணை 804.62 ஆகக் குறைந்து, வட்டி 1,89,664 ஆக ஏறியிருக்கும். இருபதிலிருந்து முப்பதுக்குப் போகும்போது மாதம் 95 மட்டும் மிச்சமாகிறது. அதற்காகக் கூடுதலாகக் கொடுப்பது 73,730. காலத்தை இன்னும் எவ்வளவு நீட்டினாலும் தவணை 750-க்குக் கீழே இறங்காது, ஏனென்றால் முதல் மாத வட்டியே அவ்வளவு. ஆகவே ஓர் எல்லைக்குப் பிறகு கால நீட்டிப்பு உங்கள் பைக்கு எந்த ஆறுதலையும் தருவதில்லை. வட்டியை மட்டும் பெருக்குகிறது.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். கடன் வாங்கும்போது காப்பீட்டுக் கட்டணம், செயலாக்கக் கட்டணம் போன்றவற்றைக் கையிலிருந்து கட்டினீர்களா, கடனோடு சேர்த்துக்கொள்ளச் சொன்னீர்களா என்று பாருங்கள். 3,000 காப்பீட்டைக் கடனில் சேர்த்திருந்தால், 20 ஆண்டில் அதற்கு நீங்கள் கொடுப்பது ஏறத்தாழ 6,480.

பதில் 2 – இரண்டாம் மாடி

கடன் மாற்றத்தைப் பற்றி மட்டும் சொல்கிறேன், ஏனென்றால் நான் இதே வலையில் ஒருமுறை கால் வைத்துவிட்டு எடுத்தவன்.

இப்போதைய கடனில் உங்களுக்கு 180 தவணைகள் பாக்கி. இனிமேல் கொடுக்க வேண்டியது மொத்தம் 1,61,951. புதிய நிறுவனம் சொல்வதுபோல 88,707-ஐ 8 விழுக்காட்டில் புதிதாக 20 ஆண்டுக்கு மாற்றினால், 742 வீதம் 240 மாதம் கட்ட வேண்டும். அது 1,78,000-ஐத் தாண்டும். வட்டி விகிதம் ஒரு விழுக்காடு குறைந்தும், நீங்கள் கொடுக்கும் தொகை ஏறக்குறைய 16,000 கூடுகிறது. விளம்பரத்தில் பெரிய எழுத்தில் வருவது விகிதமும் தவணையும்தான். உங்கள் கடன் மறுபடியும் முதல் மாதத்திலிருந்து தொடங்குகிறது என்ற செய்தி எங்கும் பெரிய எழுத்தில் வராது.

அதே 8 விழுக்காட்டை, உங்களுக்கு மீதியுள்ள 15 ஆண்டுக்கே கேளுங்கள். தவணை ஏறத்தாழ 848, மொத்தம் 1,52,600. இப்போது இருப்பதைவிட 9,300-க்கு மேல் மிச்சம். இன்னும் ஒரு படி போய், விகிதம் குறைந்தாலும் பழைய 899.73-ஐயே தொடர்ந்து கட்டுவேன் என்று எழுதிக் கொடுத்தால் கடன் 162 மாதத்தில் முடிந்துவிடும். மொத்தம் 1,45,000 அளவில் நிற்கும். எனவே ஒரே விகிதத்தில் உங்கள் முன்னால் மூன்று முடிவுகள் இருக்கின்றன. அவற்றுள் முதலுக்கும் கடைசிக்கும் இடையே 33,000 வேறுபாடு.

மாற்றும் செலவையும் கழித்துப் பாருங்கள். சட்டக் கருத்து, சொத்து மதிப்பீடு, அடமானப் பதிவு, செயலாக்கம் எல்லாம் சேர்ந்து பாக்கியில் ஒரு விழுக்காடு ஆகிறது என்று வைத்துக்கொண்டால் அது 887. தவணையில் மாதம் 52 குறைகிறது என்றால் அந்தச் செலவை மீட்கவே 17 மாதம் ஆகும். நான் மாற்றப் போனபோது, கட்டணங்கள் அனைத்தையும் கேட்டு எழுதி வாங்கிக்கொண்டு, அந்தத் தாளோடு முதலில் பழைய இடத்துக்கே போய் விகிதத்தைக் குறைக்க முடியுமா என்று கேட்டேன். ஒரு சிறு கட்டணத்தோடு குறைத்துக் கொடுத்தார்கள். எல்லோருக்கும் இது கிடைக்கும் என்று சொல்ல மாட்டேன். ஆனால் கேட்பதற்குச் செலவு இல்லை.

பதில் 3 – வடக்குத் திண்ணை

மேலே இருவரும் விகிதம் 20 ஆண்டும் மாறாது என்று வைத்துக்கொண்டு பேசுகிறார்கள். உங்கள் ஒப்பந்தம் நிலையான வட்டியா, மாறும் வட்டியா என்பதை நீங்கள் சொல்லவில்லை. மாறும் வட்டியாக இருந்தால், விகிதம் ஏறும்போது கடன் கொடுத்தவர் இரண்டில் ஒன்றைச் செய்யலாம்: தவணையை உயர்த்தலாம், அல்லது தவணையை அப்படியே விட்டுவிட்டுக் காலத்தை நீட்டலாம். இரண்டாவது வழி வலியே தெரியாமல் நடப்பதால் பலர் அதைக் கவனிப்பதே இல்லை.

கடனின் தொடக்கத்திலேயே விகிதம் 9-இலிருந்து 10 ஆக ஏறியது என்று வைத்துக்கொள்ளுங்கள். தவணையை 965.02 ஆக உயர்த்திக் காலத்தை 20 ஆண்டாகவே வைத்திருந்தால் மொத்த வட்டி ஏறத்தாழ 1,31,600. தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டினால் 240 மாதம் 315 மாதம் ஆகும், மொத்த வட்டி 1,82,000-ஐத் தாண்டும். மாதம் 65 கூடுதலாகக் கொடுக்காமல் தப்பித்ததற்கு ஏறக்குறைய 51,000 விலை. விகிதம் 10.8 விழுக்காட்டைத் தொட்டால் நிலைமை வேறு: முதல் மாத வட்டி 900, உங்கள் தவணை 899.73. அப்போது ஆயுள் முழுவதும் கட்டினாலும் கடன் அடையாது. மாதந்தோறும் பாக்கி சில்லறையாக வளர்ந்துகொண்டே போகும். ஐந்தாண்டு கட்டியிருக்கும் உங்களுக்கு இந்த எல்லை இப்போது சற்றுத் தள்ளிப் போயிருக்கிறது என்றாலும், ஆண்டுக்கு ஒருமுறை பாக்கி மாதங்களின் எண்ணிக்கையைக் கேட்டு எழுதிவைத்துக்கொள்ளுங்கள். 60 தவணை கட்டியவருக்கு 180 மீதி இருக்க வேண்டும். 200 என்று பதில் வந்தால் நடுவில் ஏதோ நடந்திருக்கிறது.

இடையில் ஒரு சொல்: யாராவது உங்களிடம் 5 விழுக்காடு என்று சொன்னால், அது குறைந்துவரும் பாக்கிக்கா, தொடக்க அசல் முழுவதற்குமா என்று கேளுங்கள். அசல் முழுவதற்கும் 20 ஆண்டு 5 விழுக்காடு என்றால், குறைந்துவரும் பாக்கிக் கணக்கில் அது கிட்டத்தட்ட 8 விழுக்காடு.

பதில் 4 – நிதானம்

மேலே உள்ள கணக்குகளில் பிழை இல்லை. ஆனால் 1,15,934 வட்டி என்ற எண்ணைப் பார்த்து மிரளுவதற்கு முன் ஒன்றை யோசிக்க வேண்டும். இன்றைக்குக் கொடுக்கும் 899.73-உம் இருபதாம் ஆண்டில் கொடுக்கும் 899.73-உம் ஒரே பணம் அன்று. விலைவாசி ஆண்டுக்கு 5 விழுக்காடு ஏறுகிறது என்று கொண்டால், கடைசித் தவணையின் மதிப்பு கடன் வாங்கிய நாளின் பணத்தில் 339 மட்டுமே. எல்லாத் தவணைகளையும் இப்படிச் சுருக்கிக் கூட்டினால் மொத்தம் 1,37,600 அளவில் வருகிறது. கடனின் உண்மையான சுமை 2,15,934 என்று சொல்வது மிகை; வட்டியே சுமை அன்று என்று சொல்வதும் பொய்.

இதனால்தான் எனக்கு, கையில் வரும் ஒவ்வொரு காசையும் கடனில் கொட்டு என்ற அறிவுரையில் முழு உடன்பாடு இல்லை. கடனில் முன்கூட்டிச் செலுத்தும் பணம் 9 விழுக்காட்டை உறுதியாக மிச்சப்படுத்துகிறது; அவ்வளவு உறுதியாக 9 தரும் முதலீடு எளிதில் கிடைக்காது என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் கொட்டிய பணத்தை நோயோ வேலையிழப்போ வரும்போது திரும்பக் கேட்க முடியாது. ‘முன்கூட்டிக் கட்டியிருக்கிறேனே’ என்று சொல்லி அடுத்த மாதத் தவணையைத் தவறவிடவும் முடியாது. ஆறு மாதத் தவணையும் வீட்டுச் செலவும் தனியாக இருக்கட்டும். அதைவிட அதிக வட்டியில் கடன் அட்டைப் பாக்கி ஏதேனும் இருந்தால் அது முதலில் தீரட்டும். அதன் பிறகு வீட்டுக் கடனுக்கு வாருங்கள்.

தவணைக்காரன்

அனைவருக்கும் நன்றி. என் கடன் மாறும் வட்டிதான்; பாக்கி மாதங்களைக் கேட்டுப் பார்த்தேன், நல்லவேளையாக 180 என்றே சொன்னார்கள். புதிய நிறுவனத்திடம் 15 ஆண்டுக்குக் கேட்டிருக்கிறேன். அவசரத் தேவைக்கு ஒதுக்கியது போக என்னிடம் 10,000 இருக்கிறது. அதை இப்போதைய கடனில் கட்டினால், தவணையைக் குறைக்க வேண்டுமா, காலத்தைக் குறைக்க வேண்டுமா என்று படிவத்தில் கேட்கிறார்கள். எதைத் தேர்ந்தெடுப்பது?

பழைய கணக்கர்

10,000 கட்டியதும் பாக்கி 78,707 ஆகும். காலத்தைக் குறைத்தால் 180 மாதம் 143 ஆகி, வட்டியில் ஏறத்தாழ 23,400 மிச்சமாகும். தவணையைக் குறைத்தால் அது 798.30 ஆகி, 180 மாதமும் தொடரும். மிச்சம் ஏறத்தாழ 8,250. பார்வைக்கு முதல் வழி மூன்று மடங்கு நல்லது என்று தோன்றும். ஆனால் இரண்டாவது வழியில் மாதம் 101.43 உங்கள் கையிலேயே தங்குகிறது என்பதையும் சேர்த்துப் பாருங்கள். அந்தப் பணத்தை மாதந்தோறும் மறுபடி கடனிலேயே கட்டுகிறவருக்கு இரண்டு வழியும் ஒன்றுதான். வருமானம் உறுதியாக இருப்பவர், அந்த 101.43 கையில் தங்காமல் செலவாகிவிடும் என்று தம்மைத் தாமே அறிந்தவர், காலத்தைக் குறைப்பது நல்லது. வருமானம் ஏறி இறங்குபவர் தவணையைக் குறைத்துக்கொண்டு, முடிந்த மாதங்களில் கூடுதலாகக் கட்டலாம். முன்கூட்டிச் செலுத்துவதற்கு அபராதம் உண்டா, பகுதித் தொகைக்குக் குறைந்தபட்ச வரம்பு உண்டா என்பதை ஒப்பந்தத்தில் பார்த்துவிட்டுக் கட்டுங்கள். கட்டிய பின் திருத்தப்பட்ட தவணை அட்டவணையைக் கையோடு வாங்கி வாருங்கள். அதன் முதல் வரியில் பாக்கி 78,707 என்றும், கடைசி வரியில் 143-ஆவது தவணை என்றும் இருக்கிறதா என்று அங்கேயே நின்று பார்த்துவிடுங்கள்.