உசாத்துணை வேறு, அடுத்து வாசிக்க வேண்டியவை வேறு: ஒரு சொல் தேவை

வெள்ளவத்தையிலிருந்து, திறனாய்வு வகுப்பின் ஆசிரியை:

மதிப்பிற்குரிய அன்பர்களுக்கு வணக்கம். கலை, இலக்கியத் திறனாய்வு வகுப்புக்கான கையேடு வெள்ளிக்கிழமை அச்சகத்துக்குப் போகவேண்டும். ஒவ்வோர் இயலின் முடிவிலும் இரண்டு பட்டியல்கள் வருகின்றன. அவ்வியலை எழுதுகையில் நான் எடுத்தாண்ட நூல்களுக்கு ‘உசாத்துணை’ என்ற நம் வழக்குச் சொல் இருக்கிறது. இயலைப் படித்து முடித்தவர் தாமாகத் தேடி வாசிக்க வேண்டிய நூல்களுக்குத்தான் தலைப்பு இல்லை. சென்ற தவணையில் இரண்டும் ஒரே தலைப்பின் கீழ் இருந்தமையால், மாணவி ஒருவர் ஈழத்துத் திறனாய்வாளர் கைலாசபதியின் ‘ஒப்பியல் இலக்கிய’த்தை (1969) நூலகத்தில் பக்கம் பக்கமாகப் புரட்டி, என் இயலில் வந்த ஒரு மேற்கோளைத் தேடியிருக்கிறார். அந்நூலிலிருந்து நான் ஒரு வரியும் எடுக்கவில்லை. ஒப்பிட்டு நோக்கும் முறையை மாணவர் பழகட்டும் என்றே அதைச் சேர்த்திருந்தேன். நூலைக்கொண்டு என்ன செய்யவேண்டும் என்பதைத் தலைப்பே சொல்லவேண்டும். ‘பரிந்துரை நூல்கள்’ என்று இப்போதைக்கு இட்டிருக்கிறேன், மனம் ஒப்பவில்லை.

கொட்டாஞ்சேனையிலிருந்து, ஓய்வுபெற்ற தமிழாசிரியர்:

ஆசிரியை அவர்களுக்கு, புதுச்சொல் ஆக்கவேண்டிய தேவையே இங்கில்லை என்பது என் கருத்து. நன்னூலார் நூலின் முகவுரையாகிய சிறப்புப் பாயிரத்தின் இலக்கணத்தை ‘ஆக்கியோன் பெயரே வழியே எல்லை நூற்பெயர் யாப்பே’ என்று தொடங்கி எட்டாக வகுக்கிறார் அல்லவா? அங்கே வரும் ‘யாப்பு’ செய்யுளுறுப்பைக் குறிப்பதன்று. இந்த நூலைக் கற்று முடித்தபின் இன்ன நூலைக் கற்கத் தகும் என்னும் இயைபே அது என்று உரைகாரர் விளக்குவர். நீங்கள் தேடுகின்ற பொருள் முழுவதும் அதில் அடங்கியிருக்கிறது. ‘யாப்பு’ என்றால் இன்று மயக்கம் வரும் என்பதை ஏற்கிறேன். ஆகவே ‘இயைபு நூல்கள்’ என்று வழங்கலாம்.

இயைபு என்றவுடன் வரிசையும் வந்துவிடுகிறது என்பதே இதன் சிறப்பு. ‘ஒப்பியல் இலக்கியம்’ படித்தவரிடம், அதே கைலாசபதி சங்கப் பாடல்களை ஹோமரின் காவியங்களோடும் வாய்மொழி மரபோடும் வைத்து ஆராய்ந்து 1968இல் ஆங்கிலத்தில் வெளியிட்ட வீரநிலைக் கவிதை ஆய்வைக் கொடுக்கவேண்டும். அதன்பின் பண்டைத் தமிழ்ச் சமூகத்தில் நாடகம் பற்றிச் சிவத்தம்பி எழுதிய நூல் (1981). இருவரும் பேர்மிங்ஹாமில் கிரேக்க மொழிப் பேராசிரியர் ஜோர்ஜ் தொம்சனிடம் ஆராய்ச்சி செய்தவர்கள் என்பதால், கிரேக்க நாடகாசிரியர் எஸ்கிலஸையும் ஏதென்ஸையும் பற்றித் தொம்சன் 1941இல் எழுதியதை இறுதியாக வைத்தால், முன்னைய நூல்களின் நோக்கு எங்கிருந்து வந்தது என்பது மாணவருக்குத் தாமே புலப்படும். வெறும் பட்டியலுக்கு இந்த ஆற்றல் இல்லை.

உசாத்துணையைப் பற்றியும் ஒரு சொல். ‘உசாவே சூழ்ச்சி’ என்பது தொல்காப்பிய உரியியல். சூழ்ச்சி என்பது அங்கே கலந்தாராய்தல். இன்றைய வஞ்சகப் பொருள் பின்னால் ஏறியது. அப்படிப் பார்த்தால், எழுதும்போது யாரோடு கலந்தாராய்ந்தோமோ அவர்களே உசாத்துணை. ஆசிரியை செய்கின்ற வேறுபாடு மரபுக்கும் உடன்பாடானதே.

தெஹிவளையிலிருந்து, மொழிபெயர்ப்பாளர்:

ஐயா அவர்களின் விளக்கத்தை மகிழ்வோடு படித்தேன். முடிவை மட்டும் ஏற்க இயலவில்லை. உயர்தரத்தில் தமிழ் படித்துவிட்டு வருகின்ற மாணவருக்கு இயைபு என்றால் மோனை, எதுகையோடு வருகின்ற தொடைதான் நினைவுக்கு வரும். யாப்பில் ஒரு மயக்கம் என்று விலக்கிவிட்டு, இன்னொரு யாப்புச் சொல்லையே கொண்டுவருவதால் பயன் என்ன? பாயிர உரையை நினைவில் வைத்திருப்பவர்க்குத் தலைப்பே தேவைப்படாது.

‘பரிந்துரை’ தமிழகத்து வழக்கு; தவறன்று. ஆனால் பரிந்து பேசுதல் என்பது ஒருவர்க்காக இரங்கி, அவர் பக்கம் நின்று பேசுவதாகவே என் காதில் விழுகிறது. பட்டியலில் வரும் கலை ஆய்வாளர் ஆனந்த குமாரசுவாமிக்காக நாம் இரங்கவேண்டியதில்லை. இலங்கையில் அரச அறிக்கைகளிலும் பத்திரிகைகளிலும் நாள்தோறும் காண்கின்ற ‘விதந்துரை’ நம்மிடம் இருக்கிறது. பலவற்றுள் ஒன்றைச் சிறப்பாக எடுத்துச் சொல்வதையே ‘விதந்து ஓதுதல்’ என்று உரையாசிரியர்கள் குறித்தார்கள். எனவே ‘விதந்துரை நூல்கள்’ பழமைக்கும் பொருந்தும், கந்தோர்க் கடிதம் வாசிப்பவருக்கும் விளங்கும்.

பம்பலப்பிட்டியிலிருந்து, பழைய மாணவர்:

விதந்துரையைச் சுற்றறிக்கைகளில் கண்டு களைத்த தலைமுறை எங்களுடையது. ‘அடுத்து வாசிக்க’ என்று இரண்டு சொற்களில் இட்டால், உசாத்துணையோடு எவரும் குழப்பிக்கொள்ள மாட்டார்கள். கலைச்சொல் எல்லாம் பெயர்ச்சொல்லாகத்தான் இருக்கவேண்டும் என்று விதி இருக்கிறதா?

வெள்ளவத்தையிலிருந்து, ஆசிரியை:

அனைவருக்கும் நன்றி. நாளை அச்சகம் காத்திருக்காது. தனிமடலில் எழுதிய அன்பர்களையும் சேர்த்துப் பார்த்தால் பெரும்பான்மை ‘விதந்துரை நூல்கள்’ பக்கம் நிற்கிறது, அதையே இடுகிறேன். ‘அடுத்து வாசிக்க’ எனக்கும் பிடித்தது. ஆனால் ‘விதந்துரை நூல் மூன்றைப் பார்க்க’ என்று வாக்கியத்தின் நடுவே சுட்டவேண்டிய இடங்கள் கையேட்டில் பல உண்டு. அங்கே அது வளைந்துகொடுக்கவில்லை. ஐயா அவர்கள் கூறிய வரிசை முறையை அப்படியே எடுத்துக்கொண்டேன். நாடக இயலில், ஷேக்ஸ்பியரின் நாடகங்களையும் வடமொழி நாடக இலக்கண நூலான தசரூபகத்தையும் ஒருசேரக் கொண்டுவரும் விபுலானந்தரின் ‘மதங்க சூளாமணி’ (1926) முதலில் நிற்கிறது. கலை இயலில், சிவ நடனம் பற்றிய கட்டுரை அடங்கிய குமாரசுவாமியின் 1918ஆம் ஆண்டுத் தொகுதி முன்னும், இடைக்காலச் சிங்களக் கலை பற்றி அவர் 1908இல் எழுதிய பெருநூல் பின்னும் வருகின்றன; காலத்தால் முந்தியதாயினும், அதன் கைவினை விவரங்களுக்குள் புகுமுன் மாணவர் அவருடைய பார்வையை அறிந்திருப்பது நன்று.

கொட்டாஞ்சேனையிலிருந்து, ஓய்வுபெற்ற தமிழாசிரியர்:

வரிசையை ஏற்றுக்கொண்டு அதன் பெயரை விட்டுவிட்டீர்கள். விதந்துரை ஒரு நூலைச் சுட்டும். இரண்டு நூல்களுக்கு இடையிலுள்ள உறவைச் சுட்டாது. என் மறுப்பு பதிவில் இருக்கட்டும். இரண்டாம் பதிப்பு வருகின்றபோது இதை மீண்டும் எழுப்புவேன்.