கணினி விசிறிகள் ஏறி இறங்கிக்கொண்டே இருக்கின்றன, வழி சொல்லுங்கள்

வணக்கம் நண்பர்களே. வீடியோ எடிட்டிங்குக்காக நானே பூட்டிய கணினி இது. ரைசன் 5 5600எக்ஸ் ப்ராசஸர், அதோடு வந்த கூலர், முன்னால் மூன்று, பின்னால் ஒன்று என 120 மி.மீ. விசிறிகள். பிரவுசரைத் திறந்தாலே போதும், வெப்பம் 48 டிகிரியிலிருந்து சட்டென்று 65க்குப் போய் இரண்டு நொடியில் இறங்கிவிடுகிறது. கூடவே விசிறிகளும் உறுமி அடங்குகின்றன. பக்கத்து அறையில் அம்மா தூங்குகிறார், அதுதான் பெரிய கவலை.

ரெண்டர் (எடிட் செய்த வீடியோவைக் கோப்பாக உருவாக்கும் வேலை) ஓடும்போது, வெப்பத்தைக் காட்டும் எச்டபிள்யூஇன்ஃபோ மென்பொருளில் 88 வரை பார்த்தேன். இந்தச் சிப்பின் வரம்பு 95 என்றாலும் மதுரை வெயிலில் மனசு கேட்கவில்லை. வடிகட்டியில் பஞ்சு மாதிரி படிந்திருந்த தூசியைத் தட்டிவிட்டு, ஊதுபத்தி காட்டிப் பார்த்தேன். புகை முன்னால் நுழைந்து பின்னால் நேராக வெளியேறுகிறது. ஆகவே காற்றோட்டம் சரி என்றே நினைக்கிறேன்.

ஃபேன் கன்ட்ரோல் மென்பொருளில் விசிறி எத்தனை நொடி தாமதித்து வேகம் மாறும்படி வைக்கலாம்? கேபினட் விசிறிகளை கிராபிக்ஸ் கார்டின் வெப்பத்தோடு இணைப்பது நல்லதா?

அப்புறம் விளக்கு. கையில் இருப்பது 5 வோல்ட், மூன்று பின் எல்இடி ஸ்ட்ரிப். மதர்போர்டில் 12 வோல்ட் நான்கு பின் இணைப்பு மட்டுமே. செருகினால் எரிந்துவிடும் என்று தெரியும், தொடவில்லை. யுஎஸ்பி கன்ட்ரோலர் வாங்கினால், விளக்குகளைக் கட்டுப்படுத்தும் ஓப்பன்ஆர்ஜிபி மென்பொருள் அதை அடையாளம் காணுமா? வெப்பம் 80ஐத் தாண்டினால் சிவப்பாக மாற வேண்டும், அவ்வளவுதான். செய்து பார்த்தவர்கள் எந்த மாடல் என்று சொன்னால் பெரிய உதவியாக இருக்கும்.