ஜாமீன் கிடைத்தும் ஆள் வெளியே வரவில்லை: ராமநாதபுரம் கரையில் பார்த்த நிபந்தனைகள்

தொண்டி, வழக்கறிஞர்

பாம்பன், தங்கச்சிமடம், ஏர்வாடிப் பக்கத்துக் கடல் அட்டை (வனவிலங்குச் சட்டப்படி பிடிக்கத் தடை உள்ள கடல் உயிரினம்) வழக்குகளில் ஜாமீன் உத்தரவு வந்த பிறகுதான் இழுபறியே தொடங்குகிறது. உத்தரவில் வழக்கமாக இருப்பது இதுதான்: இரண்டு ஜாமீன்தாரர்கள், அதில் ஒருவர் ரத்த உறவு, தினமும் காலை 10.30 மணிக்குக் கையெழுத்து. தொகை 10,000 ரூபாய்தான் என்றாலும் காகிதத்தில் போய் மாட்டிக்கொள்ளும். கரையோர வீடுகள் பல புறம்போக்கில் இருக்கின்றன. வீட்டு வரி ரசீதும் கரண்டு பில்லும் இருக்கும், பட்டா இருக்காது. பட்டா இல்லாதவருக்கு தாசில்தார் அலுவலகத்தில் சொத்து மதிப்புச் சான்று வாங்குவது பெரும்பாடு.

பி.என்.எஸ்.எஸ். (பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த சட்டம்) 485-வது பிரிவு பட்டா கேட்கவில்லை. ஜாமீன்தாரர் தகுதியானவரா என்று நீதிமன்றம் பார்க்க வேண்டும், அதற்கு அபிடவிட்டை (சத்தியம் செய்து எழுதிக் கொடுக்கும் பத்திரத்தை) ஏற்கலாம் என்றுதான் சொல்கிறது. அதனால் ஆதார், குடும்ப அட்டை, வீட்டு வரி ரசீது, வங்கிப் பாஸ்புக், புகைப்படங்கள் இவற்றோடு வருமானத்தைச் சொல்லும் அபிடவிட்டும் முதல் நாளே கையில் இருக்கட்டும். ஏற்கெனவே எத்தனை பேருக்கு ஜாமீன் நின்றிருக்கிறார் என்பதை 486-ன்படி அவர் சொல்லியாக வேண்டும். அதை மறைத்தால் மொத்தமும் கெட்டுவிடும். நீதிமன்ற வாசலில் காசுக்குக் கையெழுத்துப் போட வருபவர்களை நம்பாதீர்கள். ரசீது போலி என்று தெரிந்தால் குடும்பத்தின் மேல் இன்னொரு வழக்கு வரும்.

மண்டபம், சட்ட உதவித் தன்னார்வலர்

அண்ணன் சொன்னதில் கையெழுத்து நிபந்தனையை மட்டும் கொஞ்சம் விரிக்கிறேன். குடும்பத்துக்குச் சோறு போகாமல் செய்வது அதுதான். விசைப்படகு டோக்கன் வாங்கிக் காலையில் கிளம்பினால் மறுநாள்தான் கரை. தினமும் 10.30-க்கு ஸ்டேஷனிலோ வனச்சரக அலுவலகத்திலோ நிற்க வேண்டியவரை எந்தப் படகிலும் ஏற்ற மாட்டார்கள். மதுரையில் தங்கிக் கையெழுத்துப் போடு என்றால் இன்னும் மோசம். ராமேசுவரத்துக்காரர் அங்கே வாடகைக்கும் சாப்பாட்டுக்கும் எங்கே போவார்?

தளர்வு மனுவில் “மனுதாரர் ஏழை மீனவர்” என்று மட்டும் எழுதினால் போதாது. எந்த வகைப் படகு, எந்தெந்த நாள் தொழில், எத்தனை மணிக்குக் கரை திரும்புகிறார் என்று எழுதுங்கள். மீனவர் அடையாள அட்டை நகலையும், இதுவரை கையெழுத்துப் போட்டதற்கான அத்தாட்சியையும் சேருங்கள். மாற்று என்ன என்பதையும் நீங்களே சொல்லுங்கள். ஏப்ரல் 15 முதல் 61 நாள் மீன்பிடித் தடைக்காலத்தில் தினமும் கையெழுத்து, மற்ற மாதங்களில் தொழில் இல்லாத நாளில் வாரம் ஒருமுறை என்று கேட்டால் அரசுத் தரப்பு எதிர்க்கக் காரணம் குறைவு. காய்ச்சலில் ஒருநாள் தவறினாலும் அன்றே எழுத்தில் தெரிவித்து, ஓ.பி. சீட்டை வைத்துக்கொள்ளுங்கள். இல்லாவிட்டால் ஜாமீன் ரத்து மனுவுக்கு அதுவே சாக்காகிவிடும்.

ராமநாதபுரம், குற்றவியல் வழக்கறிஞர்

எந்தக் கோர்ட்டுக்குப் போவது என்பதில்தான் நாட்கள் வீணாகின்றன. மாஜிஸ்திரேட் போட்ட தொகை தாங்க முடியாதது என்றால் 484-வது பிரிவில் செஷன்ஸ் நீதிமன்றமோ உயர் நீதிமன்றமோ குறைக்கலாம். உயர் நீதிமன்ற மதுரைக் கிளை போட்ட நிபந்தனையை மாஜிஸ்திரேட்டிடம் தளர்த்தக் கேட்டால் மனு திரும்பி வரும், ஒரு வாரம் போய்விடும்.

உள்ளூர் ஜாமீன்தாரர்தான் வேண்டும் என்று சொல்லும் இடத்தில் உச்ச நீதிமன்றத்தின் 1978 மோதிராம் தீர்ப்பைக் காட்டுங்கள். கொத்தனார் ஒருவருக்கு 10,000 ரூபாய் ஜாமீன் கேட்டார்கள். அவருடைய சகோதரரின் சொத்து வேறு மாவட்டத்தில் இருக்கிறது என்று அதை ஏற்கவும் மறுத்தார்கள். உச்ச நீதிமன்றம் 1,000 ரூபாய் சொந்தப் பிணையில் அவரை விடுவித்தது. தூத்துக்குடி மாமனோ நாகப்பட்டினம் சித்தப்பாவோ நிற்க வரும் குடும்பங்களுக்கு இது நேராகப் பொருந்தும். பல வழக்குகளுக்குத் தனித்தனி ஜாமீன்தாரர் கேட்டால் 2024 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் தந்த கிரிஷ் காந்தி தீர்ப்பு இருக்கிறது. 13 வழக்குகள் இருந்த அவருக்கு, ஒரே ஜாமீன்தாரர்களையே எல்லாவற்றுக்கும் ஏற்கச் சொன்னார்கள்.

ஜாமீன்தாரர் யாருமே கிடைக்கவில்லை என்றால் உச்ச நீதிமன்றத்தின் 2023 ஜனவரி 31 உத்தரவுதான் கைகொடுக்கும். ஜாமீன் கிடைத்து 7 நாளில் ஆள் வெளியே வராவிட்டால் சிறைக் கண்காணிப்பாளர் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் செயலாளருக்குச் சொல்ல வேண்டும். ஒரு மாதமாகியும் பிணை கட்டவில்லை என்றால் நீதிமன்றம் தானாகவே நிபந்தனையை மறுபரிசீலனை செய்யலாம். வெளியே வந்தால் ஜாமீன்தாரரைக் கொண்டுவர முடியும் என்பவருக்குக் குறிப்பிட்ட காலத்துக்குத் தற்காலிக ஜாமீனும் தரலாம். இந்த மூன்றாவது வழி இருப்பதே பல குடும்பங்களுக்குத் தெரிவதில்லை. சிறையிலிருப்பவரே எழுதிக் கொடுக்கலாம், 15100 என்ற சட்ட உதவி எண்ணுக்கு அழைத்தால் இலவச வழக்கறிஞரும் கேட்கலாம்.

கீழக்கரை, வழக்கறிஞர் குமாஸ்தா

இரண்டு சின்ன விஷயம். முன்ஜாமீன் உத்தரவில் 15 நாளுக்குள் சரணடைந்து பிணை கொடுக்கச் சொல்லியிருந்தால், அந்தத் தேதி தாண்டினால் உத்தரவு செல்லாமல் போய்விடும். ஜாமீன்தாரர் அமையவில்லை என்றால் கெடு முடியும் முன்பே நீட்டிப்பு மனு போட்டுவிடுங்கள்.

அடுத்தது பெயர். ரிமாண்ட் வாரண்டில் இருக்கிற பெயர், இனிஷியல், குற்ற எண் எல்லாம் ரிலீஸ் ஆர்டரில் எழுத்துக்கு எழுத்து ஒத்துப்போக வேண்டும். கரையோரத்தில் ஒரே பெயரில் பலர் இருப்பார்கள், தகப்பன் பெயர் மாறினாலே சிறையில் திருப்பி அனுப்பிவிடுவார்கள். வெள்ளிக்கிழமை சாயங்காலம் அப்படித் திரும்பினால் திங்கள்கிழமைதான் திருத்த முடியும். கோர்ட்டை விட்டுக் கிளம்பும் முன் இரண்டையும் பக்கத்தில் வைத்துப் படித்துப் பாருங்கள்.