பூட்டிய மில்லின் வாசலில் நின்றவர்கள்

கப்பலூரில் அட்டைப்பெட்டிப் பட்டறை வைத்திருக்கிறேன். திருமங்கலம் பக்கத்து நூற்பாலை ஒன்றுக்குப் பத்து ஆண்டுகளுக்கு மேல் பெட்டி கொடுத்தேன். ஆலை மூடியபோது எனக்கு வரவேண்டிய பாக்கி 6,40,000 ரூபாய். யாராவது நொடித்துப்போனால் மஞ்சள் கடுதாசி கொடுத்துவிட்டான் என்போம். அது தனி ஆள் கதை. கம்பெனி நொடித்தால் கதையே வேறு.

செய்தி கேட்டதும், பாக்கிக்கு ஈடாக நூல் மூட்டையாவது ஏற்றி வரலாம் என்று டெம்போவுடன் ஓடினேன். எனக்கு முன்பே வாசலில் கூட்டம்: பஞ்சு வியாபாரி, லாரிக்காரர், கேன்டீன் நடத்திய அம்மா, சம்பளம் வராத தொழிலாளர்கள். சங்கிலிப் பூட்டைக் காடாத் துணியால் சுற்றி அரக்கு வைத்திருந்தார்கள். வங்கி ஒட்டிய நோட்டீஸில் பசை இன்னும் காயவில்லை. காவலாளி என்னை ஓரமாக அழைத்து, "அண்ணே, இனி ஒரு கோன் நூல் வெளியே போனாலும் கேஸ் என் மேல்தான். போய்விடுங்கள்" என்றார். அவருக்கும் நான்கு மாதச் சம்பளம் பாக்கி.

முதலில் ஆலையை வாங்க ஆள் தேடினார்கள். அதை முடிவு செய்யும் கடன் கொடுத்தோர் குழுவில் வங்கிகளுக்கு ஓட்டு உண்டு, சரக்குக் கொடுத்த எங்களுக்கு இல்லை. ஆள் கிடைக்காமல், கம்பெனியைக் கலைத்து, சொத்தை விற்றுக் கடனைப் பிரித்துக் கொடுக்கும்படி சென்னையிலுள்ள கம்பெனிச் சட்டத் தீர்ப்பாயம் உத்தரவிட்டது. மதுரைக்கு 2004இலேயே உயர் நீதிமன்றக் கிளை வந்துவிட்டது. ஆனால் கம்பெனித் திவால் வழக்கு என்றால் பாண்டியன் எக்ஸ்பிரஸைப் பிடித்துச் சென்னைக்குத்தான் போகவேண்டும்.

முந்தி வந்தவனுக்கு முதலில் கிடைக்கும் என்றுதான் எல்லோரும் நினைத்திருந்தோம். 2016ஆம் ஆண்டுத் திவால் சட்டத்தின் 53ஆவது பிரிவில் வரிசை வேறு. விற்று வரும் பணத்தில் முதலில் கலைப்புச் செலவு. அடுத்த படியில் இருவர் சமமாக நிற்கிறார்கள்: 24 மாதத் தொழிலாளர் பாக்கியும், அடமானத்தைப் பொதுக் கணக்கில் விட்டுக்கொடுத்த வங்கியும். பிறகு மற்ற ஊழியர்களின் 12 மாதச் சம்பளம், அடமானமில்லாமல் பணமாகக் கடன் கொடுத்தவர்கள், அரசின் இரண்டு ஆண்டுப் பாக்கி. சரக்குக் கொடுத்த எங்களைப் போன்றவர்கள் அதற்கும் கீழே, பங்குதாரர்களுக்கு மட்டும் மேலே.

உரிமை கோர 30 நாள். பட்டறைத் தரையில் உட்கார்ந்து நானும் மனைவியும் பழைய பில் கட்டுகளைப் பிரித்து, ஒவ்வொன்றிலும் ஸ்டோர் கீப்பரின் முத்திரை இருக்கிறதா என்று பார்த்தோம். முத்திரை இல்லாத மூன்று பில்களை, 71,000 ரூபாய், கலைப்பை நடத்த நியமிக்கப்பட்ட லிக்விடேட்டர் ஏற்கவில்லை. 14 நாளுக்குள் தீர்ப்பாயத்தில் முறையிடலாம். அந்தத் தொகைக்காகச் சென்னையில் வக்கீல் வைக்க எனக்கு வழியில்லை. ஏற்றுக்கொண்ட 5,69,000 ரூபாயிலும் ஒரு பைசா வரவில்லை. அத்தனை பில்களுக்கும் ஜி.எஸ்.டி.யை நான் கைக்காசில் கட்டியிருந்தேன். அதை நினைத்தால் இன்றும் வயிறு எரிகிறது.

திரும்பி வந்தது ஒன்றுதான். பெட்டிக்கு நாடா கட்டும் இயந்திரம் ஒன்றை அங்கே இரவலாக வைத்திருந்தேன். சலானில் "திருப்பித் தரவேண்டியது" என்று எழுதி, அவர்கள் கையெழுத்தும் வாங்கியிருந்தேன். கம்பெனியின் கையில் இருந்தாலும் அடுத்தவர் பொருள் கலைப்புச் சொத்தில் சேராது. லிக்விடேட்டர் இயந்திரத்தின் எண்ணைச் சலானோடு ஒப்பிட்டுப் பார்த்து விடுவித்தார். தூக்க வந்தபோது, பாதி நாடா கட்டிய பெட்டி ஒன்று அதன் மேலேயே இருந்தது. எங்கள் பட்டறைப் பெட்டி. இரவல் கொடுப்பவர்கள் தயவுசெய்து சலான் போட்டுக் கையெழுத்து வாங்கி வையுங்கள்.

செக்கானூரணியிலிருந்து ஒருவர்

அதே வாசலில் என் அப்பாவும் நின்றார். 26 ஆண்டு ஸ்பின்னிங் பிரிவில் வேலை. சம்பளச் சீட்டுகளைப் பிஸ்கட் டப்பாவில் சேர்த்து வைத்திருந்ததால் மாதக் கணக்கை என்னால் காட்ட முடிந்தது. ரூபாய்க்கு 31 காசு வந்தது. ஒரே படி என்பதால் வங்கிக்கும் அதே 31 காசுதான். உங்கள் படிக்கு ஏன் எதுவும் இறங்கவில்லை என்பது எனக்கு இப்போதுதான் புரிகிறது. பி.எஃப்., கிராஜுவிட்டி நிதியில் உள்ள பணம் இந்த வரிசைக்கே வராது, அது தொழிலாளியுடையது. ஆனால் கிராஜுவிட்டிக்கு அந்த நிர்வாகம் நிதியே ஒதுக்கவில்லை. அதனால் அந்தச் சண்டை தனியாக நீண்டது. பணம் வருவதற்குள் அப்பா போய்விட்டார். கேன்டீன் அம்மா என்ன ஆனார் அண்ணே?

கே.புதூரிலிருந்து ஒரு கணக்கர்

இன்னொரு சண்டையும் உண்டு. குஜராத் அரசின் வாட் (விற்பனை வரி) பாக்கி வழக்கு ஒன்றில் 2022இல் உச்ச நீதிமன்றம் மாநில அரசையும் அடமானம் பெற்றவருக்குச் சமமாக வைத்தது. உடனே நான் கணக்குப் பார்த்த ஒரு கம்பெனியில் வரித்துறையும் மேல் படி கேட்டு வந்தது. 2023 ஜூலையில், மின்வாரியப் பாக்கி வழக்கில், முந்தைய தீர்ப்பு அந்த வழக்கின் விவரங்களுக்கு மட்டுமே பொருந்தும் என்று அதே நீதிமன்றம் சொன்னது. அதுவரை அந்தக் கம்பெனியில் யாருக்கும் பணம் பிரிக்க முடியவில்லை. தொழிலாளர்கள் காத்துக்கொண்டே இருந்தார்கள்.

கப்பலூரிலிருந்து மீண்டும்

தங்கச்சி, அந்த அம்மா உரிமை கோரவே இல்லை. அவரிடம் பில் கிடையாது. மேஸ்திரி பென்சிலில் குறித்துக் கொடுத்த சாப்பாட்டு நோட்டு மட்டும்தான். அதுவும் ஒரு கணக்குதான் என்று அவருக்கு யாரும் சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை, என் பில் கட்டுகளோடு அலைந்துகொண்டிருந்தேன். பின்னால் விசாரித்துப் போனபோது நாள் கடந்துவிட்டிருந்தது. இப்போது திருமங்கலத்தில் இட்லிக் கடை போட்டிருக்கிறார். அந்த நோட்டு இன்னும் கல்லாப்பெட்டிக்கு அடியில் இருக்கிறது.